பூட்டச் சொன்ன 'அவங்க'

மூணு.

இந்த எண்ணை முதல்ல மனசுல வெச்சுக்குங்க. மத்தது மறந்தாலும் பரவாயில்ல. தியமிக்கே, ஃபானெசி, லொஞ்செசோ. மூணு பொண்ணுங்க. மலாவி ஏரிக்கரையில நம்பெதேரா அரசுப் பெண்கள் பள்ளிக்கூடத்துல படிச்சதுங்க. மலேரியாக் காய்ச்சல்ல விடுதிக் கட்டில்ல சுருண்டு கிடந்ததுங்க. வெளிய பூட்டு. உள்ள தீ.

பூட்டினது விடுதி மேட்ரன் வெலெனாசி கம்வெந்தோ. அதுல தகராறே இல்ல, அந்தம்மாவே ஒத்துக்கிட்டாங்க. பூட்டச் சொன்னது யாரு? அதுக்குத் தான் இத்தனை கூத்தும்.

வெலெனாசி அந்தப் பள்ளிக்கூடத்துக்குள்ள முதல்ல விறகு சுமந்துக்கிட்டு வந்தவங்க. புருஷன் தென்னாப்பிரிக்காவுக்குச் சுரங்க வேலைக்குப் போனான். போன புதுசுல ஒரு கம்பளி அனுப்பினான். அதோட சரி. கம்பளி நைஞ்சு போச்சு, ஆள் வரல. விறகு போட வந்தவங்களைச் சமையல்கட்டுல நிறுத்தினாங்க. பானைன்னா சாதாரணப் பானை இல்ல, ஒரு ஆள் உள்ள உக்காந்து குளிக்கலாம். அதுல துடுப்புப் போட்டு முன்னூறு பொண்ணுங்களுக்கு ந்சிமா, அதான் மக்காச்சோளக் களி, கிண்டணும். கிண்டிக் கிண்டிக் கை இரும்பாச்சு. அப்புறம் பழைய மேட்ரன் செத்துப்போக, இவங்களை அந்த இடத்துல வெச்சாங்க. எட்டாவது வரைக்கும் படிப்பு. இங்கிலீஷ்ல 'சிக்', 'பெட்', 'ஸ்டாப் இட்', இந்த மூணை வெச்சே காலத்தை ஓட்டினாங்க.

இடுப்புல சாவிக்கொத்து. விடுதிக்குள்ள நுழையறதுக்கு முன்னால வராண்டா முனையிலயே நின்னு அதை ஒரு குலுக்கு குலுக்குவாங்க. உள்ள பொண்ணுங்க செல்போனை மெத்தைக்கடியில தள்ளி, முடியை அவுத்துப்போட்டு ஆடிக்கிட்டிருந்ததை நிறுத்தி, சாமியார் மாதிரி படுத்துக்குங்க. அதுக்கப்புறம் தான் இவங்க உள்ள வருவாங்க. "என்னமா தூங்குதுங்க பாரு, கழுதைங்க"ன்னு சத்தமா சொல்லிட்டுப் போவாங்க. திடீர்னு போய்ப் புடிச்சா என்னன்னு ஒரு டீச்சர் கேட்டதுக்கு, "புடிச்சு? புடிச்சு என்ன பண்றது, கறி வெக்கவா?"ன்னாங்க.

இப்படிப்பட்ட ஆளு.

பசிலியோ கதும்பா தலைமை ஆசிரியரா வந்தப்ப ஒரு சிக்கல் வந்துச்சு. அவர் வெலெனாசிக்கு மாப்பிள்ளை. வெலெனாசியோட தங்கச்சி செத்தப்புறம் அவ பொண்ணு ததாலாவை வளர்த்து ஆளாக்கினது வெலெனாசி. அந்த ததாலாவைக் கட்டினவர் கதும்பா. எங்க பக்கம் மாமியாரும் மாப்பிள்ளையும் நேருக்கு நேர் நிக்கக்கூடாது, மூஞ்சியைப் பாக்கக்கூடாது, பேரு சொல்லவே கூடாது. அவர் நடைபாதையில வந்தா இவங்க மக்காச்சோளத்துக்குள்ள இறங்கி நின்னுக்குவாங்க. இவங்க சமையல்கட்டுல இருந்தா அவர் சுவத்தைப் பாத்து ஆணை போடுவார். வாத்தியாருங்க சிரிப்பாங்க: "இது என்ன பள்ளிக்கூடமா, கல்யாண வீடா?"

வெலெனாசி வாயில அவர் எப்பவும் 'இவோ'. 'இவோ'ன்னா அவங்க. பேரும் இல்ல, வேற பட்டமும் இல்ல. அவங்க வந்தாங்க, அவங்க சாப்பிட்டாங்க, அவங்க கோவமா இருக்காங்க. கேக்கறவனுக்கு யாருன்னு தெரியும்.

அந்த வருஷம் பத்தாவது படிக்கிற ஒரு பொண்ணு சாயங்காலப் படிப்பு நேரத்துல நழுவிப் போயி வயித்துல வாங்கிக்கிட்டு வந்துடுச்சு. பெத்தவங்க சங்கம் கூடிக் கத்தினாங்க. கதும்பாவுக்கு ரோஷம் வந்துடுச்சு. திங்கக்கிழமை ஊழியர் கூட்டத்துல எழுந்து நின்னு சொன்னார்: "படிப்பு நேரத்துல விடுதி பூட்டிக் கெடக்கணும். திறந்து கெடந்ததை நான் பாத்தா, மேட்ரன் இருக்க மாட்டாங்க." பதினேழு பேர் அங்க உக்காந்திருந்தாங்க. மாமியாரை நேராச் சொல்ல முடியாம ஜன்னலைப் பாத்துச் சொன்னார்.

அக்டோபர் மாசம், வெயில் கொளுத்துது, ஊரெல்லாம் காய்ச்சல். அன்னைக்குப் பொழுது சாயற நேரம் கரண்ட் போயிருந்துச்சு. மூணு பொண்ணுங்க எழுந்திரிக்கவே முடியாம படுத்திருந்ததுங்க. வெலெனாசி அலுவலகக் கதவுக்கு வெளியே, முதுகைக் காட்டி நின்னுக்கிட்டு கேட்டாங்க: "காய்ச்சல் பொண்ணுங்க உள்ள இருக்குதுங்க. பூட்டறதா, வேண்டாமா?"

உள்ளருந்து குரல் வந்துச்சு: "பூட்டுங்க அத்தை. ஒரு நாள் விட்டா தினம் காய்ச்சல் வரும் இதுங்களுக்கு. கஞ்சி எடுத்துட்டு வர்றதுக்குள்ள என்ன ஆயிடப் போகுது?"

மாப்பிள்ளை பேச்சுக்கு மறுபேச்சு கிடையாது. மெழுகுவத்தி ஒண்ணு ஏத்தி வெச்சு, பூட்டிட்டு, சமையல்கட்டுக்குப் போனாங்க. மெழுகுவத்தி சாஞ்சு கொசுவலையில பட்டிருக்கணும். வலை புடிச்சா அப்புறம் மெத்தை. மெத்தை புடிச்சா அப்புறம் புகை.

கஞ்சிச் சட்டியைப் போட்டுட்டு ஓடினாங்க. பூட்டு பழுக்கக் காய்ஞ்சிருந்துச்சு. வலது கையால புடிச்சாங்க, தோல் பூட்டோட ஒட்டிக்கிட்டு வந்துச்சு. துணைத் தலைமை ஆசிரியர், ஓய்வுக்கு நிக்கிற கிழவர், தோட்டத்து மண்வெட்டியை எடுத்துக்கிட்டு ஜன்னல் கம்பியை இடிச்சார். வேற யாரும் கிட்ட போகல. கதவு திறந்தப்ப உள்ள சத்தம் இல்ல.

மறுநாள் காலையில மாவட்டக் கல்வி அலுவலகத்துலருந்து ஒரு குமாஸ்தா வந்தான். வெலெனாசி கையில கட்டோட சமையல்கட்டு வாசல்ல உக்காந்திருந்தாங்க.

"பூட்டினது யாரு?"

"நான்."

"யார் சொல்லிப் பூட்டினீங்க?"

"அவங்க சொன்னாங்க."

"அவங்கன்னா?"

வெலெனாசி மோவாயைத் தூக்கித் தலைமை ஆசிரியர் வீட்டுப் பக்கம் காட்டினாங்க. குமாஸ்தா திரும்பி அந்த வீட்டைப் பாத்தான். அவனும் எங்க ஊர்க்காரன் தான், நம்ம பேச்சு பேசறவன் தான். பாத்துட்டு, குனிஞ்சு, இங்கிலீஷ்ல எழுதினான்.

'இவோ'ங்கறது ஒருத்தருக்கு மரியாதையாவும் வரும், நூறு பேரைக் குறிக்கவும் வரும். இங்கிலீஷ்ல அதுக்கு வழியில்ல. ஒருத்தன்னா ஒரு சொல்லு, பலபேர்னா வேற சொல்லு. குமாஸ்தா பலபேரை எழுதினான். மோவாய் காகிதத்துல ஏறாது. வெலெனாசி இடது கையால பேரைக் கிறுக்கிக் கொடுத்தாங்க.

ஒரு வாரத்துல சஸ்பெண்ட் ஆணை வந்துச்சு. யார் உத்தரவும் இல்லாம, தன்னிஷ்டத்துக்கு விடுதியைப் பூட்டி, மாணவிகள் சாகக் காரணமா இருந்தார். யார் சொன்னதுன்னு கேட்டதுக்கு யாரோ பலர் சொன்னதாக மழுப்பினார். சாவியை ஒப்படைக்கணும். பள்ளிக்கூட வீட்டைக் காலி பண்ணணும்.

சஸ்பெண்டுங்கறது தண்டனை இல்ல, விசாரணை முடியற வரைக்கும் ஒரு ஏற்பாடு, அவ்வளவு தான்னு சட்டம் சொல்லும். சட்டத்துக்கென்ன, சட்டம் சாவு வீட்டுக்குப் போக வேண்டியதில்ல.

வெலெனாசி போனாங்க. ஃபானெசியோட அம்மா தொரொஃபே இவங்க ஊரே, ரெண்டு வீடு தள்ளி. கல்யாணமாகி முதல் பிரசவத்துல தொரொஃபேயோட முதுகைப் புடிச்சுக்கிட்டு உக்காந்திருந்தது வெலெனாசி. பொறந்தது தான் ஃபானெசி. சாவுக்கு மாவு கொண்டு போகணும், பொம்பளைங்க அதை வாங்கிச் சமைக்கணும். வெலெனாசி மாவுக் கூடையைத் தலையில வெச்சுக்கிட்டுப் போய் முற்றத்துல இறக்கினாங்க. பொம்பளைங்க வரிசையா மத்த கூடைங்களை எடுத்தாங்க. இந்தக் கூடையைச் சுத்திக்கிட்டுப் போனாங்க. சாயங்காலம் வரைக்கும் அது அங்கயே இருந்துச்சு. ஒரு கோழி வந்து கொத்திச்சு. கோழியைக்கூட யாரும் விரட்டல.

கூடையைத் தூக்கிக்கிட்டுத் திரும்பினாங்க. அன்னைக்கு முடிவு பண்ணினது தான். வேலை வேணும், வாஸ்தவம். வீடு வேணும். ஆனா அதுக்கெல்லாம் மேல, அந்தக் காகிதத்துல பூட்டச் சொன்னவங்க யாருன்னு ஏறணும். தொரொஃபே அதைப் படிச்சுக் கேக்கணும்.

தொழிற்சங்கத்து ஆளு யோத்தாமு சிசாலே வந்தது சைக்கிள் டாக்சியில. குண்டு மனுஷன். டாக்சிக்காரன் இறக்கிவிட்டுட்டு, "அண்ணே, அடுத்த தடவை ரெண்டு சைக்கிள் கூப்பிடுங்க"ன்னான்.

"வாயை மூடுடா, உன் சைக்கிளுக்கே இப்பத்தான் உயிர் வந்திருக்கு"ன்னுட்டு யோத்தாமு பாயில உக்காந்தார். வாக்குமூலத்தைப் படிச்சார். திரும்பவும் படிச்சார்.

"அக்கா, இங்க 'அவங்க எல்லாரும் பூட்டச் சொன்னாங்க'ன்னு இருக்கு. எத்தனை பேர் சொன்னாங்க?"

"எத்தனை பேரா? அவங்க தான் தம்பி. அவங்க."

"எவங்க?"

வெலெனாசி பள்ளிக்கூடம் இருக்கிற பக்கமா மோவாயைத் தூக்கினாங்க. யோத்தாமு ரொம்ப நேரம் அந்த மோவாயையே பாத்துக்கிட்டிருந்தார்.

"அடப்பாவிங்களா"ன்னார். "ஒரு ஆளைப் பிச்சுப் பிச்சுக் கூட்டமாக்கிட்டானுங்களே. கூட்டத்தைப் புடிச்சு எந்த ஜெயில்ல போடறது?"

அவர் ஊழியர் குடியிருப்புல வீடு வீடாப் போனார். திங்கக்கிழமை கூட்டத்துல பதினேழு பேர் கேட்டிருக்காங்க, ஒருத்தராவது எழுதிக் கொடுக்க மாட்டாங்களான்னு. விவசாய வாத்தியார், "அன்னைக்கு எனக்குக் காதுவலி அண்ணே"ன்னார். கணக்கு வாத்தியார், "நான் அங்க இருந்தேன், ஆனா ஊழியர் கூட்டத்துல நான் காது குடுக்கறதே இல்ல, அது என் கொள்கை"ன்னார். ஒரு டீச்சரம்மா கதவைக் கொஞ்சமாத் திறந்து அழுதாங்க. அழுதுட்டு மூடிட்டாங்க. துணைத் தலைமை ஆசிரியர் கிழவர் மட்டும், "நான் சொல்றேன், எங்க வரணும்?"னார். ஆனா விசாரணை வர்றதுக்குள்ள, மழைக்காலத்துல நிமோனியா வந்து செத்துப்போனார்.

அந்தச் சாவு கதையைத் திருப்பிச்சு. எப்படின்னா, பொண்ணுங்க வாயிலயும் சமையல்கட்டு வாயிலயும் தலைமை ஆசிரியரும் 'பெரிய சார்', துணையும் 'பெரிய சார்' தான்.

வெலெனாசியோட தாய்மாமன் சவுலோசி வந்தார். வீட்டுக்குப் பேசறவர் அவர் தான். கல்யாணம், சண்டை, கோர்ட்டு எதுன்னாலும் அவர் வாய் தான் வீட்டு வாய். ஸ்டூலை இழுத்துப்போட்டு உக்காந்தார்.

"மருமகளே, ஒரு வழி கெடச்சிருக்கு. விசாரணையில கேட்டா, துணைப் பெரிய சார் சொன்னாங்கன்னு சொல்லிடு. செத்தவன் மேல போடு. செத்தவன் கோவிச்சுக்க மாட்டான்."

"மாமா, அவர் மண்வெட்டி எடுத்துட்டு வந்தவரு."

"வந்தாரு. நல்ல மனுஷன். நல்ல மனுஷன் தான் இதையும் தாங்குவாரு. உனக்கு வேலை வரும். ததாலா குடும்பம் நிக்கும். அவளுக்கு ரெண்டு குழந்தை. மாப்பிள்ளைக்கு ஒண்ணுன்னா எங்க போவா? இங்க, உன் பாய்க்கு, கோழியோட கோழியா."

"தொரொஃபே கேப்பா."

"தொரொஃபேவுக்கு யாரோ ஒருத்தன் பேரு வேணும். ஒரு பேரு குடு. எல்லாப் பேரும் ஒரே நீளம் தான்."

வெலெனாசி எழுந்து அடுப்புப் பக்கம் போனாங்க. மாமனுக்குக் கஞ்சி வெச்சுக் குடுத்தாங்க. வெந்துபோன வலது கையில மூணு விரல் மடங்காது. அந்தக் கையால அகப்பை புடிக்க முடியாம, இடது கையால ஊத்தினாங்க. இடது கையால ஊத்தறது மரியாதை இல்ல. மாமன் அதைப் பாத்தார், குடிச்சார்.

விசாரணை மாவட்டத் தலைநகர்ல, ஒரு பெரிய ஹால்ல நடந்துச்சு. குழுவுக்குத் தலைமை ஒரு அம்மா, தலைநகரத்துலருந்து வந்தவங்க, வெள்ளைக் கைக்குட்டையால வேர்வையை ஒத்திக்கிட்டே இருந்தாங்க. எல்லாம் இங்கிலீஷ்ல. மொழிபெயர்க்க யாரு? அதே குமாஸ்தா. ஜன்னலுக்கு வெளிய ஊர்க்காரங்க. தொரொஃபே நாற்காலி குடுத்தும் உக்காரல, ஜன்னல் கம்பியைப் புடிச்சு நின்னா.

முதல்ல கதும்பாவைக் கேட்டாங்க: நீங்க பூட்டச் சொன்னீங்களா?

கதும்பா கோட்டுப் பட்டனைப் போட்டுக்கிட்டு எழுந்தார். கண்ணைத் தரையில வெச்சார். "மேடம், அது என் மாமியார். மாமியாரை எதிர்த்து வாய் திறக்கற வழக்கம் எங்க பக்கம் இல்ல. அவங்க என்ன சொல்றாங்களோ அதை நான் ஏத்துக்கறேன்."

ஹாலே உருகிடுச்சு. "தங்கமான மாப்பிள்ளை"ன்னு பின்னால ஒரு கிழவி சொன்னா.

"தங்கம் தான்"னார் யோத்தாமு, எல்லாருக்கும் கேக்கற மாதிரி. "உருக்கிப் பாத்தாத்தானே என்ன கலந்திருக்குன்னு தெரியும்."

தலைவரம்மா மேசையைத் தட்டினாங்க. வெலெனாசியைக் கூப்பிட்டாங்க. வெலெனாசி வழக்கப்படி கதும்பாவுக்கு முதுகைக் காட்டி, சுவத்தைப் பாத்து நின்னாங்க.

"யார் சொல்லிப் பூட்டினீங்க?"

"அவங்க."

குமாஸ்தா மொழிபெயர்த்தான். பலபேர் ஆச்சு. யோத்தாமு எழுந்து, "மேடம், அந்தச் சொல்லுக்கு ஒருத்தர்னும் அர்த்தம் உண்டு. இவங்க மாமியார், அவர் மாப்பிள்ளை, பேரைச் சொல்ல மாட்டாங்க. தலைமை ஆசிரியரைத் தான்..."

"நீங்க சாட்சி வாயில சோறு ஊட்டாதீங்க"ன்னாங்க தலைவரம்மா. "அவங்களே சொல்லட்டும். அம்மா, அவங்கன்னா யாரு?"

"பெரிய சாருங்க."

"தலைமை ஆசிரியரா, துணையா, ரெண்டு பேருமா?"

வெலெனாசி மோவாயைத் தோளுக்கு மேல பின்னால திருப்பினாங்க.

"மோவாயை நான் பதிவு பண்ண முடியாது, அம்மா."

கல்வித் துறை சார்பா வந்தவன் இதமாப் பேசினான்: "இறந்துபோன துணைத் தலைமை ஆசிரியரா இருக்கலாம் மேடம். இறந்தவரைச் சொல்ல அந்தம்மாவுக்குக் கூச்சமா இருக்கும். ஆமான்னு தலையாட்டினாப் போதும், முடிச்சுடலாம்."

பின்வரிசையில மாமன் சவுலோசி தொண்டையைக் கனைச்சார்.

ஹால் முழுக்க வெலெனாசியோட தலையைப் பாத்துக்கிட்டிருந்துச்சு. ஒரு ஆட்டு ஆட்டினா வேலை, வீடு, ததாலாவோட வாழ்க்கை எல்லாம் நிக்கும். மண்வெட்டியைத் தூக்கிட்டு வந்த கிழவர் ஒருத்தர் தான் போவார். அவர் ஏற்கெனவே போயாச்சு.

வெலெனாசி மடங்காத விரலைப் பாத்தாங்க. அப்புறம் திரும்பினாங்க. முழுசாத் திரும்பினாங்க, சுவத்துல இருந்து ஹால் பக்கம். கதும்பாவுக்கு நேர் எதிரா.

"இயே"ன்னாங்க.

ஜன்னலுக்கு வெளிய பொம்பளைங்க வாயைப் பொத்திக்கிட்டாங்க. 'இயே'ன்னா அவன். கூட விளையாடினவனை, சின்னப் பயலை, திருடனைச் சொல்ற சொல்லு. மாமியார் மாப்பிள்ளையைச் சொல்ற சொல்லு இல்ல.

"அவன். பசிலியோ கதும்பா. இந்தக் கோட்டுப் போட்டவன். காய்ச்சல் பொண்ணுங்க உள்ள இருக்குன்னேன். பூட்டுன்னான். நான் பூட்டினேன்."

குமாஸ்தா கதும்பாவைத் திரும்பிப் பாத்தான்.

"மொழிபெயருங்க"ன்னாங்க தலைவரம்மா.

இங்கிலீஷ்ல அது ரொம்பச் சின்னச் சொல்லு. இவ்வளவு சின்னச் சொல்லுக்கு இந்த ஆளுக்கு ஏன் இப்படி வேர்க்குதுன்னு அந்தம்மாவுக்குப் புரியல.

கதும்பா தலையைத் தூக்கினான். கல்யாணமாகி அத்தனை வருஷத்துல முதல் தடவையா மாமியார் மூஞ்சியைப் பாத்தான். அவன் ஏத்துக்கறேன்னு சொன்னதை ஏத்துக்கவும் இல்ல, மறுக்கவும் இல்ல. பட்டனை அவுத்துட்டு உக்காந்துட்டான்.

மாமன் எழுந்து வெளிய போனார். மினிபஸ்ல வெலெனாசிக்காகத் தன் தொப்பியை வெச்சு இடம் புடிச்சிருந்தவர், அதை எடுத்துட்டு வேற ஆளை உக்காரச் சொன்னார். யோத்தாமு தான் வெலெனாசி கூட வந்தார். ஒரு சாவடியில இறங்கி வறுத்த மீனும் மரவள்ளிக் கிழங்கும் வாங்கி நீட்டினார். "சாப்பிடுங்க அக்கா, ஜெயிச்சுட்டோம்."

"எதை?"ன்னாங்க வெலெனாசி.

ஊர்த் தலைவர் முன்னால தனியா ஒரு பஞ்சாயத்து. மாப்பிள்ளையை 'அவன்'னு பத்துப் பேர் முன்னால சொன்னதுக்கு ஒரு ஆடு அபராதம். மூணு பொண்ணுங்க செத்ததுக்கு அந்த முற்றத்துல யாரும் யாருக்கும் ஒரு கோழிக்குஞ்சு கூட அபராதம் போடல. ததாலா ஆள் அனுப்பிச் சொல்லிவிட்டா: "எனக்கு அம்மா சின்ன வயசுலயே செத்துட்டாங்க. அதோட எனக்கு அம்மா கிடையாது." கதும்பாவுக்கு மாறுதல் வந்துச்சு, டவுன்ல பெரிய பள்ளிக்கூடத்துக்கு, தலைமை ஆசிரியராவே.

அப்புறம் ஆணை வந்துச்சு. தடிமனா இருந்துச்சு. யோத்தாமு அதைக் கையில புடிச்சுக்கிட்டு வாசல்லயே கத்தினார்: "சஸ்பெண்ட் ரத்து! திங்கக்கிழமை வேலைக்கு வாங்கன்னு இருக்கு. சாவியைத் திருப்பிக் குடுக்கறாங்க அக்கா!"

வெலெனாசி முற்றத்தைக் கூட்டிக்கிட்டிருந்தாங்க. நிமிரல. "தொரொஃபேயைக் கூப்பிடுங்க தம்பி"ன்னாங்க.

தொரொஃபே வந்தா. சாவுக்கு அப்புறம் இந்த முற்றத்துல அவ கால் பட்டது இது தான் முதல் தடவை. பாயில உக்காந்தா. வெலெனாசி தண்ணி வெச்சாங்க. அதை அவ தொடல.

"படிங்க"ன்னா.

யோத்தாமு படிச்சார். இங்கிலீஷ்ல ஒரு வரி, நம்ம பேச்சுல ஒரு வரி. மேட்ரன் வெலெனாசி கம்வெந்தோ தன்னிஷ்டத்துக்குப் பூட்டலைன்னு குழு முடிவு பண்ணுது. பூட்டும்படி உத்தரவு தரப்பட்டிருந்தது.

"யாரால?"ன்னா தொரொஃபே.

யோத்தாமு வரியை விரலால தடவினார். "தரப்பட்டிருந்ததுன்னு தான் இருக்கு."

"இவ அவன் பேரைச் சொன்னா. நான் ஜன்னல்ல நின்னேன். என் காதால கேட்டேன்."

"சொன்னாங்க."

"அது எங்க?"

யோத்தாமு பக்கத்தைத் திருப்பினார். இன்னொண்ணைத் திருப்பினார். நிர்வாகத்தின் தரப்பில் உத்தரவு தரப்பட்டிருந்தது. கவனக்குறைவு ஏற்பட்டிருந்தது. பாடம் கற்றுக்கொள்ளப்பட வேண்டும். "நாசமாப் போறவனுங்க. 'அவங்க'ன்னப்பவாவது ஒரு கூட்டம் இருந்துச்சு. இப்ப ஆளே இல்ல. உத்தரவு தானாப் பொறந்து, தானா நடந்து வந்து, தானாப் பூட்டியிருக்கு."

தொரொஃபே வெலெனாசி பக்கம் திரும்பினா. ரொம்ப நாள் கழிச்சு இவங்களோட பேசினா.

"உனக்கு அவன்னு சொல்ல வந்துச்சு இல்ல."

"வந்துச்சு."

"அந்தக் கதவுகிட்ட நின்னப்ப வந்திருக்கணும். முதுகைக் காட்டி நின்னே பாரு, அப்ப. உன் மரியாதை என் பொண்ணு மேல பூட்டாத் தொங்குச்சு."

வெலெனாசி வெந்த கையை மடியில வெச்சுக்கிட்டு உக்காந்திருந்தாங்க. தொரொஃபே அந்தக் கையைக் கொஞ்ச நேரம் பாத்தா. தொடணும்னு நெனச்சாளோ என்னவோ, தொடல.

"என் பொண்ணு பேரு எங்க வருது?"ன்னு யோத்தாமுவைக் கேட்டா.

யோத்தாமு முதல்லருந்து திரும்பப் புரட்டினார். "'உள்ளே இருந்த மாணவிகள்'னு இருக்கு."

"ஃபானெசின்னு?"

"இல்ல அக்கா."

"தியமிக்கே? லொஞ்செசோ?"

"இல்ல."

"அவன் பேரும் இல்ல, இவளுங்க பேரும் இல்ல. அத்தனை தாள் இருக்கே, எத்தனை பேர் பேரு தான் இருக்கு? எண்ணிச் சொல்லுங்க."

யோத்தாமு கண்ணாடியைத் துடைச்சு மாட்டிக்கிட்டு, ஒவ்வொரு தாளா, வரி வரியா விரல் வெச்சுப் பாத்தார். கடைசித் தாளை மூடினார். வெலெனாசியை நிமிர்ந்து பாக்க அவரால முடியல.

"ஒண்ணு."